டோக்கனக்காவின் வீட்டுப் பத்திரம்

டோக்கனக்கா பேருந்து நிலையத்தில் இருபத்தேழு வருடம் கிளாக் ரூம் நடத்தினாள். பெட்டி, பை, மூட்டை, எதுவானாலும் அவளிடம் வைத்துவிட்டு, ஜனங்கள் கையை வீசிக்கொண்டு ஊரெல்லாம் சுற்றிவிட்டு வந்து வாங்கிக்கொண்டு போவார்கள். மூன்று பக்கமும் இரும்பு அடுக்கு, முன்னால் தூக்கி இறக்கும் பலகை, பலகைக்குப் பின்னால் அவள். கெட்டி அட்டையில் நம்பர் அடித்த டோக்கன், நடுவில் கிழிப்பதற்கு வசதியாக ஓட்டை ஓட்டையாக ஒரு கோடு. ஒரு பாதியைப் பையின் கைப்பிடியில் சணலால் கட்டுவாள். மறுபாதியைக் கையில் கொடுத்து, "தொலைச்சுடாதீங்க" என்பாள். இதைச் சொல்லாமல் அவள் யாரிடமும் எதையும் வாங்கி வைத்ததில்லை.

டோக்கன் இல்லாமல் வந்து கேட்டால் நடக்கிற கதையே வேறு. பைக்குள் என்னென்ன இருக்கிறது என்று முதலில் சொல்ல வேண்டும். பிறகு இரண்டு பேரைச் சாட்சிக்கு நிறுத்தி, பையைத் திறந்து சரிபார்த்துத்தான் கொடுப்பாள். பஸ் டிரைவரான அவள் புருஷனே ஒருமுறை டோக்கனைத் தொலைத்துவிட்டு வந்து நின்றார். "நான்தாண்டி" என்றார். "உள்ள என்ன இருக்கு, சொல்லுங்க" என்றாள். இரண்டு சட்டை, ஒரு துண்டு, பாதி சோப்பு, பக்கத்து நடைமேடைக்காரனிடம் கடன் வாங்கிய சீப்பு என்று மனுஷன் நாலு பேர் முன்னால் ஒப்பித்துவிட்டுத்தான் பையை வாங்கினார். அன்றைக்கு முழுக்க அவளோடு பேசவில்லை. மறுநாள் அவரே போகிற இடமெல்லாம் பெருமையாகச் சொல்லிக்கொண்டு திரிந்தார்.

அவர் போய் நாலு வருடம் ஆகிறது. அதற்குப் பிறகு டோக்கனக்காவுக்கு முழங்கால் ஒத்துழைக்கவில்லை. போன வருடக் கடைசியில் அடுக்கில் இருந்த கடைசிப் பையையும் அதன் சொந்தக்காரரிடம் கொடுத்துவிட்டு, லைசென்ஸை ஒப்படைத்துவிட்டு, அக்கடா என்று வீட்டுக்கு வந்துவிட்டாள். வருத்தமா என்று கேட்டவர்களிடம், "என்ன வருத்தம்? அடுத்தவங்க மூட்டையை இருபத்தேழு வருஷம் சுமந்தது போதாதா?" என்றாள். காலையில் நிதானமாக டீ குடிப்பதும், வெயில் ஏறுவதற்குள் மாடியில் துணி காயப்போடுவதும், மத்தியானம் காலை நீட்டிப் படுப்பதுமாக நன்றாகத்தான் இருந்தாள்.

வீட்டின் பின்பாதியில் இருந்தவள் சின்னவள். டோக்கனக்காவின் கொழுந்தனார் மனைவி, ஓரகத்தி. புருஷனைப் பறிகொடுத்துப் பதினெட்டு வருடம். பையும் பெட்டியும் தைத்துக் கொடுப்பது அவள் தொழில். ஜிப் போனது, வார் அறுந்தது, சக்கரம் கழன்றது எதுவானாலும் அவளிடம் வந்தால் இன்னும் அஞ்சு வருடம் ஓடும். கிளாக் ரூமுக்கு வந்த பைகளில் பாதி அவள் கைபட்டவை. இரண்டு பேருக்கும் பிள்ளைகள் கல்யாணமாகி வேறு வேறு ஊர்களில். ஆக, முன்னால் ஒருத்தி, பின்னால் ஒருத்தி, நடுவில் ஒரு திரைச்சீலை.

அந்த வீட்டுக்கு வாசல் ஒன்றுதான். சின்னவளிடம் வருகிறவர்கள் எல்லோரும் டோக்கனக்காவின் கூடத்தைத் தாண்டித்தான் உள்ளே போக வேண்டும். கிளாக் ரூம் இருந்தவரை பகலில் டோக்கனக்கா வீட்டில் இல்லை, யாருக்கும் தொந்தரவில்லை. இப்போது அவள் காலை நீட்டிப் படுத்திருக்க, கிழிந்த பையோடு ஆட்கள் அவள் காலைத் தாண்டித் தாண்டிப் போனார்கள். ஒருவர் அவள் குடித்துவிட்டு வைத்த டம்ளரை உதைத்துவிட்டு, "மன்னிக்கணும்" என்று சொல்லி, திரும்பி வரும்போது மறுபடியும் அதையே உதைத்தார்.

சின்னவள்தான் பேச்சை எடுத்தாள். பின்சந்துப் பக்கம் சுவரை உடைத்து ஒரு கதவு வைத்துவிட்டால் எல்லோருக்கும் நிம்மதி என்றாள். டோக்கனக்காவுக்கு உடனே மனசு குளிர்ந்துபோயிற்று. "கதவு மட்டும் எதுக்கு? பின்பாதியையே உன் பேருக்கு எழுதிக் கொடுத்துடறேன், வெச்சுக்கோ" என்று அள்ளி வீசினாள். சொல்லிவிட்டு ரெண்டு நாள் தன் தாராள மனசை நினைத்துத் தானே பூரித்துப்போனாள்.

எழுதிக் கொடுப்பதற்கும் சரி, நகராட்சியில் சுவரை உடைக்க அனுமதி வாங்குவதற்கும் சரி, அசல் பத்திரம் வேண்டும். அந்தப் பத்திரம் எங்கே இருந்தது என்றால், நகராட்சியிலேயேதான் இருந்தது.

பதினோரு வருடத்துக்கு முன்னால் ஒரு புது விதி போட்டார்கள். பிறத்தியார் பொருளை வாங்கி வைக்கிறவர்கள் லைசென்ஸுக்கு ஜாமீனாகச் சொத்துப் பத்திரம் ஒன்றை உரிமப் பிரிவில் ஒப்படைக்க வேண்டும். பொருள் தொலைந்தால் அதற்கு ஈடு. டோக்கனக்கா மறுபேச்சுப் பேசாமல் வீட்டுப் பத்திரத்தைக் கொண்டுபோய்க் கொடுத்தாள். வீடு அவள் பேரில் இருந்தது. அண்ணனும் தம்பியுமாகச் சேர்ந்து வாங்கும்போது, பெண் பேரில் பதிந்தால் கட்டணம் குறைவு என்று யாரோ சொல்ல, மூத்த மருமகள் பேரிலேயே இருக்கட்டும் என்று எழுதிவிட்டார்கள். அவ்வளவுதான் விஷயம்.

லைசென்ஸ் முடிந்தது. பத்திரத்தைக் கேட்டால் தர வேண்டியதுதானே. ஆபீஸ் என்று ஒன்று இருக்கிறதே.

உரிமப் பிரிவு அதிகாரி கண்ணாடியை நெற்றியில் ஏற்றிவிட்டுக்கொண்டு அதைத் தேடுகிற ஆசாமி. முதல் தடவை போனபோது, "பாக்கி எதுவும் இல்லைன்னு மூணு பிரிவுலயும் சான்று வாங்கிட்டு வாங்க" என்றார். மாடி ஏறி மாடி இறங்கி, முழங்காலைத் தடவிக்கொண்டே நாலு நாளில் வாங்கிக்கொண்டு போனாள். இரண்டாம் தடவை அவர் பழைய பதிவேட்டைப் புரட்டி, "ஒரு குடை திருப்பிக் கொடுக்கப்படலைன்னு இருக்கே" என்றார்.

"அந்தக் குடையைக் கேட்டு யாரும் வரல. வருஷம் ஒண்ணு தாண்டினா உங்ககிட்ட ஒப்படைக்கணும்னு விதி. ஒப்படைச்சேன். இந்தாங்க, உங்க ஆபீஸ் ரசீது."

அதிகாரி ரசீதை முன்னும் பின்னும் திருப்பிப் பார்த்தார். குடை அவர்கள் கிடங்கில்தான் இருந்தது. அவர்கள் வைத்திருக்கிற குடைக்கு அவள் மேல் குற்றம். ஆனால் அந்த மனிதர் கொஞ்சமும் அசரவில்லை. "சரி, பார்க்கலாம். அடுத்த வாரம் வாங்க."

அடுத்த வாரம், "மேலிடத்துக்கு எழுதியிருக்கோம்" என்றார். அதற்கடுத்த வாரமும் அதையே சொன்னார். இப்படியே இழுத்தடித்து இரண்டு மாதம் ஓடிற்று.

இதற்குள் சின்னவளுக்குக் கடைத்தெருவில் ஒரு அறை வாடகைக்கு வந்தது. தெருவைப் பார்த்த கதவு, மேலே ஒரு ஜன்னல், பின்னால் படுக்க இடம். மாதம் பிறப்பதற்குள் முடிவு சொல்ல வேண்டும். "நான் போயிடறேன் அக்கா. உங்களுக்கும் தொந்தரவு இல்ல, எனக்கும் ஒரு இடமாச்சு" என்று அமைதியாகச் சொன்னாள். சண்டையாகச் சொல்லியிருந்தாலாவது பதிலுக்கு ரெண்டு வார்த்தை பேசியிருக்கலாம். திரைச்சீலைக்கு அந்தப் பக்கம் தையல் மிஷின் ஓடுகிற சத்தம் இல்லாத வீட்டை டோக்கனக்காவால் நினைத்துப் பார்க்க முடியவில்லை.

மாதம் முடிய அஞ்சு நாள் இருக்கும்போது மறுபடியும் ஆபீசுக்குப் போனாள். நாற்காலியில் உட்கார்ந்தவள், பத்திரம் வேண்டும் என்று பிடித்த பிடியை விடவில்லை. அதிகாரிக்குச் சலிப்பு வந்துவிட்டது.

"யாரும்மா உங்க வீட்டைத் தூக்கிட்டுப் போயிட்டா? பேப்பர்தானே. அது எங்ககிட்ட பத்திரமா இருக்கு. வீட்டுல நீங்கதானே இருக்கீங்க? உங்களை யாராவது வெளிய போகச் சொன்னோமா?"

எழுந்து வந்தாள். அவர் சொன்னதில் எங்கேயோ கோளாறு இருக்கிறது, எங்கே என்றுதான் பிடிபடவில்லை.

சாயங்காலம் திரைச்சீலையைத் தள்ளிக்கொண்டு உள்ளே போனால், சின்னவள் ஊசிப் பெட்டியையும் ஜிப் சுருள்களையும் அட்டைப்பெட்டியில் அடுக்கிக்கொண்டிருக்கிறாள். கத்தரிக்கோல்களைத் துணியில் சுற்றி ஓரமாக வைத்திருக்கிறாள். டோக்கனக்காவுக்கு அழுகையும் ஆத்திரமும் சேர்ந்து வந்தது.

"இப்ப என்ன அவசரம் உனக்கு? யாரு உன்னை வெளிய போகச் சொன்னா? பேப்பர்தானே இல்ல. வீட்டுல நீ பாட்டுக்கு இருக்கத்தானே..."

பாதியில் நின்றுவிட்டாள். மத்தியானம் அதிகாரி சொன்னதை இப்போது தானே சொல்லிக்கொண்டிருப்பது காதில் விழுந்தது. சின்னவள் நிமிர்ந்து பார்த்தாள், ஒரு ஜிப் சுருளை எடுத்து மெல்லப் பெட்டியில் வைத்தாள். டோக்கனக்கா அங்கேயே ஒரு பெட்டிமேல் உட்கார்ந்துவிட்டாள். வீடு வாங்கும்போது கொழுந்தனார் கையில் ஒரு கவரோடு வந்து, "அண்ணி, என் பங்கு, எண்ணிக்கோங்க" என்று சிரித்துக்கொண்டே கொடுத்த நாள் நன்றாக நினைவிருந்தது. பாதிக்குப் பாதி. அதை அவள் மறந்தும் போகவில்லை, மறைக்கவும் இல்லை. பதினெட்டு வருடமாக அதைப் பற்றி நினைக்கவே இல்லை, அவ்வளவுதான். நினைக்க வேண்டிய அவசியம் பத்திரத்தில் பேர் இருந்தவளுக்கு என்ன வந்தது.

"அஞ்சு நாள் பொறு" என்றாள்.

"அக்கா, உங்க முழங்காலை வெச்சுக்கிட்டு..."

"முழங்காலை நான் பார்த்துக்கறேன். அஞ்சு நாள்."

மறுநாள் காலை பதிவு அலுவலகத்து எதிரே உட்கார்ந்து பத்திரம் எழுதுகிறவரிடம் போனாள். பத்திரக்காரர் என்றால் எல்லோருக்கும் தெரியும். வெற்றுத்தாளைப் பார்த்தாலே கை பரபரக்கிற ஆள். அவள் சொன்னதை எல்லாம் கேட்டுவிட்டு, ரசீதுகளை வரிசையாகப் பரப்பினார்.

"இது ஜாமீன். நீங்க லைசென்ஸ் வெச்சிருக்கறவரைக்கும், யாரோட பொருளாவது தொலைஞ்சா அதுக்கு ஈடா அவங்க கையில இருக்கும். லைசென்ஸ் முடிஞ்சுபோச்சு. பாக்கி இல்லைன்னு அவங்களே மூணு கையெழுத்துப் போட்டுக் கொடுத்துட்டாங்க. வீடு அடமானமும் இல்ல, ஜப்தியும் இல்ல. அப்புறம் எந்த உரிமையில வெச்சிருக்காங்க?"

"வீட்டை யாரும் எடுத்துக்கலையேன்னு கேக்கறாரு."

"சொந்தம்னா என்னம்மா? விக்கலாம், கொடுக்கலாம், பிரிக்கலாம், சுவரை இடிக்கலாம். பத்திரம் கையில இல்லாம இதுல ஒண்ணையாவது உங்களால செய்ய முடியுதா? முடியலைன்னா நீங்க சொந்தக்காரி இல்ல, அந்த வீட்டுல குடியிருக்கற ஆளு."

டோக்கனக்கா தலையை ஆட்டினாள். அவர் அவளைப் பற்றித்தான் சொன்னார். அவளுக்கு வேறொருத்தி முகம்தான் கண்ணில் நின்றது.

பத்திரக்காரர் ஒரு மனு எழுதிக் கொடுத்தார். நீளமே இல்லை. லைசென்ஸ் ஒப்படைத்த தேதி, பாக்கி இல்லை என்ற சான்றுகளின் தேதி, கடைசியில் ஒரே ஒரு வரி: இன்றே என் பத்திரத்தைத் தருக, அல்லது எந்த விதியின்படி வைத்திருக்கிறீர்கள் என்று எழுத்தில் தருக.

அதிகாரி மனுவைப் படித்தார். கண்ணாடி நெற்றியிலிருந்து தானாக இறங்கி மூக்கில் விழுந்தது. முகத்தில் ஈயாடவில்லை. எழுந்துபோய் அறைக் கதவைச் சாத்திவிட்டு வந்து உட்கார்ந்தார்.

"அம்மா, உங்ககிட்ட மறைச்சு என்ன ஆகப்போகுது. பத்திரம் காணோம்."

டோக்கனக்கா நாற்காலியை மேஜைப் பக்கம் இழுத்துப் போட்டுக்கொண்டாள்.

"பீரோ பூரா தேடிட்டேன். உங்களுக்கு முன்னாடி, பின்னாடி கொடுத்தவங்க பத்திரமெல்லாம் இருக்கு. உங்களோடது மட்டும் இல்ல. எனக்கு ஓய்வு மூணு மாசத்துல. இது வெளிய தெரிஞ்சா என் பென்ஷன்ல கை வெச்சுடுவாங்க. அதான் குடை அது இதுன்னு..." மேலே சொல்லாமல் மேஜையில் இல்லாத தூசியைத் தட்டினார்.

வேறொருத்தியாக இருந்தால் ஆபீசையே இரண்டாக்கியிருப்பாள். டோக்கனக்காவுக்குக் கோபம் வரத்தான் வந்தது. ஆனால் இருபத்தேழு வருடம் பிறத்தியார் பொருளைக் காத்தவளுக்கு, ஒரு பொருள் காணாமல் போனால் வைத்திருந்தவனுக்குத் தூக்கம் எப்படிப் போகும் என்று தெரியும். "முதல்லயே சொல்லியிருந்தா ரெண்டு மாசத்துக்கு முன்னாடியே சேர்ந்து தேடியிருக்கலாமே" என்றாள். "என் ஃபைலைக் கொடுங்க, பார்ப்போம்."

கொடுக்கக் கூடாது என்று விதி இருந்திருக்கும். கொடுத்தார். லைசென்ஸ் விண்ணப்பம், வருஷா வருஷம் புதுப்பித்த காகிதங்கள் எல்லாம் வரிசையாக இருந்தன. பதினோரு வருடத்துக்கு முந்தைய ஒரு தாளின் மூலையில், துருப்பிடித்த பின்னோடு ஒரு அட்டைத்துண்டு தொங்கிக்கொண்டிருந்தது.

"அது என்னன்னு எங்க யாருக்கும் தெரியல. ஏதோ விலை அட்டைன்னு விட்டுட்டோம்" என்றார் அதிகாரி.

டோக்கனக்கா அதைப் பார்த்த மாத்திரத்தில் தலையில் அடித்துக்கொண்டாள். நம்பர் இருநூற்றெட்டு. அவள் கடை டோக்கன். அதிலும் வாடிக்கையாளரிடம் கொடுக்கிற பாதி.

அன்றைக்கு நடந்தது அப்படியே கண் முன்னால் வந்தது. மழை நாள். பத்திரம் நனையக் கூடாது என்று சின்னவள் தைத்த ஒரு ஜிப் பையில் அதை வைத்து, கடையிலிருந்து நேராக இந்த ஆபீசுக்குக் கிளம்பினாள். பலகையைத் தாண்டுகிற எந்தப் பைக்கும் கை தானாக டோக்கன் கட்டும். கட்டியிருக்கிறாள். இங்கே வந்து பையைக் கொடுத்தாள். அப்போதிருந்த அதிகாரி கையில் மறுபாதியைத் திணித்து, "தொலைச்சுடாதீங்க" என்றும் சொல்லியிருக்கிறாள். அந்த மனிதரும் ஏதோ முக்கியமான காகிதம் என்று ஃபைலில் குத்தி வைத்திருக்கிறார். கொடுக்கிறவளும் அவள், வாங்கி வைக்கிறவளும் அவள் என்று ஆக்கிக்கொண்ட கூத்து, உலகத்தில் வேறு யாராலும் செய்ய முடியாதது.

"கிளாக் ரூம் டோக்கன் கட்டின பையை உங்க ஆளுங்க பீரோவுல பார்த்தா என்ன செய்வாங்க?" என்று கேட்டாள்.

அதிகாரி ஒரு கணம் யோசித்தார். "யாரும் கேட்டு வராத சாமான் இங்க எப்படி வந்துச்சுன்னு கிடங்குல கொண்டுபோய்ப் போட்டுருவாங்க."

"கிளம்புங்க, கிடங்குக்குப் போகலாம்."

கிடங்கு கட்டடத்தின் பின்பக்கம், தகரக் கூரை போட்ட நீள அறை. வாசலில் ஒரு ஸ்டூலில் கிடங்குக்காரர். உள்ளே அவள் ஒப்படைத்த பெட்டிகளும் மூட்டைகளும் வருடவாரியாக அடுக்கியிருந்தன. அந்தக் குடையும் ஒரு ஆணியில் தொங்கியது. டோக்கனக்காவுக்கு அந்த அறை உடனே பிடித்துப்போயிற்று. "பரவாயில்ல, சுத்தமாத்தான் வெச்சிருக்கீங்க" என்றாள். கிடங்குக்காரரை அதுவரை யாரும் பாராட்டியதில்லை போலிருக்கிறது, எழுந்து நின்று சட்டையை இழுத்துவிட்டுக்கொண்டார்.

மூன்றாவது அடுக்கில், ஒரு தகரப் பெட்டிக்குப் பின்னால் இருந்தது அந்தப் பை. சணல் கருத்துப்போயிருந்தது, நம்பர் நன்றாகத் தெரிந்தது. அவள் கையை நீட்டினாள். கிடங்குக்காரர் பையை மார்போடு அணைத்துக்கொண்டார்.

"உள்ள என்ன இருக்குன்னு சொல்லுங்க. ரெண்டு பேர் முன்னாடி திறக்கணும். அதான் முறை."

டோக்கனக்காவுக்கு வந்த சிரிப்பில் கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது. "சொல்றேன், சொல்றேன். நீலக் கவர். அதுக்குள்ள பத்திரம், ஒன்பது பக்கம். கடைசிப் பக்கத்துல என் கையெழுத்து, மை சிந்தி ஒரு எழுத்து அழிஞ்சிருக்கும். ஓரத்துல சாட்சிக் கையெழுத்து ரெண்டு. ஒண்ணு என் வீட்டுக்காரரு, இன்னொண்ணு என் கொழுந்தன்."

திறந்தார்கள். ஒன்பது பக்கமும் இருந்தன. ஒரு பூச்சி கூடத் தொடவில்லை. சின்னவள் போட்ட ஜிப் அப்படி. அதிகாரி அங்கேயே ஒரு மூட்டைமேல் உட்கார்ந்துவிட்டார், இரண்டு மாதத்து மூச்சை ஒரேயடியாக விட்டார்.

இத்தோடு முடிந்தது என்று நினைப்பீர்கள். மூச்சு வந்ததும் மனுஷன் மறுபடி அதிகாரி ஆகிவிட்டார். "ஆனா ஒண்ணும்மா. இது இப்போ கிடங்குப் பதிவேட்டுல ஏறின பொருள். வெளிய எடுக்க மேலிட உத்தரவு வேணும். ஒரு மாசத்துல வந்துடும். அதுவரைக்கும் பீரோவுல பூட்டி வெக்கறேன், பத்திரமா இருக்கும்."

டோக்கனக்கா அவர் பக்கத்து மூட்டையில் உட்கார்ந்தாள். குரலை உயர்த்தவில்லை.

"சார், என் அடுக்குல ஒருத்தர் பெட்டி ஒம்பது மாசம் இருந்துச்சு. தினம் தூசி தட்டுவேன். எலி வராம பார்த்துக்குவேன். ஒரு நாள் அவரு டோக்கனோட வந்து நின்னாரு. இத்தனை நாள் பத்திரமா வெச்சிருந்தேனே, இன்னும் ஒரு மாசம் இருக்கட்டும்னு நான் சொல்ல முடியுமா? வெச்சிருக்கறது வேற, சொந்தம் வேற சார். சொந்தக்காரங்க வந்து நின்னதுக்கு அப்புறம் எத்தனை பத்திரமா வெச்சிருந்தாலும் அது வெச்சிருக்கறது இல்ல, பிடுங்கி வெச்சிருக்கறது." கொஞ்சம் நிறுத்தி, மெதுவாகச் சொன்னாள். "நேத்து வரைக்கும் எனக்கே இது சரியாத் தெரியல. தெரிஞ்ச மாதிரி இருந்துட்டேன்."

அதிகாரி தலையைச் சொறிந்தார். கிடங்குக்காரர் பதிவேட்டைத் திறந்து, பேனாவின் மூடியைக் கழற்றி, அவர் பக்கம் நீட்டினார். கேட்காமலே நீட்டினார். அதிகாரி பேனாவையும் பார்த்தார், அவளையும் பார்த்தார், கையெழுத்துப் போட்டார். டோக்கனின் பாதியையும் பாதியையும் சேர்த்துப் பதிவேட்டில் ஒட்டிக்கொண்டார்கள். அவள் பத்திரத்தை இடுப்போடு அணைத்துக்கொண்டு வெளியே வந்தாள். முழங்கால் வலி எங்கே போயிற்று என்று தெரியவில்லை.

இரண்டாம் நாள் இரண்டு பேரும் பத்திரக்காரர் முன்னால் உட்கார்ந்திருந்தார்கள். சின்னவள் நல்ல புடவை கட்டிக்கொண்டு, பெஞ்சின் ஓரத்தில், எந்நேரமும் எழுந்துகொள்ளத் தயாராக இருப்பதுபோல உட்கார்ந்திருந்தாள். பத்திரக்காரர் தாளை நேராக்கினார்.

"மூத்த ஓரகத்தி பிரியப்பட்டு இளைய ஓரகத்திக்கு வீட்டுப் பின்பாதியைத் தானமாக் கொடுக்கறாங்க. அப்படித்தானே?"

"தானம்னு எழுதாதீங்க" என்றாள் டோக்கனக்கா.

"பின்னே?"

"பாகப் பத்திரம் எழுதுங்க."

பத்திரக்காரர் பேனாவை நிறுத்தினார். "பாகம்னு எழுதினா அர்த்தமே மாறிடும்மா. வீடு வாங்கின அன்னைக்கே அவங்களுக்கும் பங்கு இருந்ததுன்னு நீங்களே ஒத்துக்கற மாதிரி ஆயிடும்."

"இருந்துச்சு. பாதிக்குப் பாதி. என் பேருல இருந்துச்சு, அவ்வளவுதான். நான் கொடுக்கல. திருப்பிக் கொடுக்கறேன்."

சின்னவள் தலையைக் குனிந்துகொண்டாள். அழுதாளா என்றால், இல்லை. மடியில் இருந்த கைகளை ஒன்றின்மேல் ஒன்றாக மாற்றி மாற்றி வைத்தாள். பத்திரக்காரர் எழுத ஆரம்பித்த பிறகு, பெஞ்சின் ஓரத்திலிருந்து மெல்ல நகர்ந்து நன்றாகச் சாய்ந்து உட்கார்ந்தாள்.

பதிவு முடிந்து வெளியே வந்து, ஆளுக்கொரு டீ குடித்துவிட்டு நடந்தார்கள். பாதி வழியில் சின்னவள் நின்றாள்.

"அக்கா, ஒண்ணு சொல்லணும்."

"சொல்லு."

"கதவு வெச்சதும், என் பக்கம் வர்றப்போ தட்டிட்டு வாங்க."

டோக்கனக்காவுக்குச் சுருக்கென்றது. பதினெட்டு வருடத்தில் அவளிடமிருந்து இப்படி ஒரு வார்த்தை வந்ததில்லை. எதற்கும் சரி என்பாள், சிரிப்பாள், ஒதுங்குவாள். நமக்குள் என்ன ஒற்றுமை பார் என்று டோக்கனக்கா ஊர் முழுக்கச் சொல்லியிருக்கிறாள். அது ஒற்றுமை இல்லை, இடம் கொடுத்தவளிடம் பேச முடியாத வாய் என்பது நடுத்தெருவில் நிற்கும்போதுதான் உறைத்தது. சின்னவள் சொன்னதைத் திரும்ப வாங்கிக்கொள்ளவும் இல்லை, சமாதானமாக எதையும் சேர்க்கவும் இல்லை, பதிலுக்காகப் பார்த்துக்கொண்டு நின்றாள்.

"தட்டறேன்" என்றாள் டோக்கனக்கா.

கடைத்தெரு அறைக்காரரிடம் சின்னவளே போய், வேண்டாம் என்று சொல்லிவிட்டு வந்தாள். கொத்தனார் வந்தார், சுவர் உடைந்தது, வீடெல்லாம் தூசி. பதினைந்தாம் நாள் பின்சந்தில் பச்சை வண்ணமடித்த கதவு நின்றது. திரைச்சீலை தொங்கிய இடத்தில் செங்கல் வைத்துப் பூசியாயிற்று. கிழிந்த பைக்காரர்கள் சந்து வழியாகப் போக ஆரம்பித்தார்கள், டோக்கனக்காவின் டம்ளர் பிழைத்தது.

முதல் நாள் காலை டீ போட்டு முடித்ததும் அவள் இரண்டு டம்ளரைக் கையில் எடுத்துக்கொண்டு தெருவில் இறங்கினாள். வீட்டைச் சுற்றிக்கொண்டு, முழங்காலைத் திட்டிக்கொண்டு, சந்துக்குள் வந்தாள். உள்ளே மிஷின் ஓடுகிற சத்தம் கேட்டது. கை இரண்டிலும் டம்ளர், அதனால் முழங்கையால் கதவைத் தட்டினாள்.

மிஷின் நின்றது. "யாரு?"

"நான்தான்."

"இருங்க அக்கா, ஒரு தையல் பாக்கி இருக்கு."

மிஷின் மறுபடி ஓடியது. டோக்கனக்கா டீ ஆறுவதைப் பார்த்துக்கொண்டு, வாழ்க்கையில் முதல் தடவையாக அந்த வீட்டு வாசலில் காத்துக்கொண்டு நின்றாள். அவளுக்குச் சிரிப்பு வந்தது.